பேர் சொல்லி எழுப்பிய நெறியாளருக்கு

கொலைக்கதையைக் கலைக்கதையாக்கிய கோமானே! ஜெர்மன் தேசத்து வீட்டுக்கூடங்களை ஞாயிறுதோறும் நடுநடுங்க வைத்த நெறியாளரே! கண்டிப்பிலும் கனிவு குன்றாத எங்கள் டெனிஸ்டன் அண்ணையே! வணக்கம்!

மன்னாரில் பிறந்து, அகதியாய்க் கொலோன் நகர் சேர்ந்து, படப்பிடிப்பில் விளக்குச் சுமந்து, ஏச்சு வாங்கி, ஏறி ஏறி இயக்குநர் நாற்காலியில் அமர்ந்தீர்கள். ஜெர்மன் தொலைக்காட்சிக்கு நீங்கள் எடுத்த துப்பறியும் படங்களில் துப்பாக்கி அரிது, துடிக்கும் நெஞ்சே பெரிது! கதவு திறக்கும், ஆள் இராது. பார்ப்பவர் கையில் தேத்தண்ணி ஆறிப்போகும். பிறகு ரொறன்ரோவுக்குக் குடிவந்து, அதே தொலைக்காட்சிக்கு இங்கே படமெடுக்க அஜின்கோர்ட்டில் எங்களைச் சேர்த்தீர்கள். காலையில் கோப்பி குடிக்கமுன் உங்கள் வாய்க்கு முன்னால் நிற்க ஏலாது என்பதையும் இச்சபையில் சொல்லத்தான் வேண்டும்!

பிணமாய் நடிப்பவரை நீங்கள் சும்மா எழும்பிப் போக விட்டதேயில்லை. காட்சி முடிந்ததும் அருகில் குந்தி, அவருடைய சொந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிடுவீர்கள். அவர் "ஓம்" என்று பதில் தந்த பிறகுதான் விளக்கை அணைக்கலாம். "விளையாட்டுக்கும் சாவை ஆளிலை விட்டிட்டுப் போகக்கூடாது" என்பீர்கள். அண்ணைக்கு விசர் என்று நாங்கள் ஒதுங்கி நின்று சிரித்ததுண்டு.

கடந்த வைகாசியில், வன்னியில் போர் முடிந்தது என்று செய்தி வந்தது. உங்கள் தங்கை அன்ரனெற் கடைசியாகப் பேசியது முள்ளிவாய்க்காலிலிருந்து. அதன்பின் ஒரு தகவலுமில்லை. படத்தை நிறுத்துவோம் என்று நாங்கள் கெஞ்சியும் கேளாமல், சென் ஜேம்ஸ் ரவுண் மாடிக்கட்டடமொன்றின் நிலக்கீழ் அறையில் கடைசிக் காட்சியை எடுத்தீர்கள். பிணமாய்க் கிடந்தவர் எங்கள் நடிகை ரதி. காட்சி முடிந்ததும் வழக்கம்போலக் குந்தினீர்கள். ரதி என்று கூப்பிட வேண்டியவர், "அன்ரனெற்" என்று கூப்பிட்டீர்கள்.

"ஓம் அண்ணை" என்று பதில் வந்தது.

ரதி வாயே திறக்கவில்லை. பிள்ளையார் மேல் சத்தியம் பண்ணுகிறார். ஒலிப்பதிவாளர் வின்சன்ற் காதுக்கருவியைக் கழற்றி எறிந்தார். பிறகு பதிவைப் போட்டுக் கேட்டால், அதில் உங்கள் குரல் மட்டுமே இருந்தது. ஆனால் அங்கு நின்ற அத்தனை பேரும் கேட்டோம்.

ஆன்மா வந்து பதில் சொல்லிவிட்டது, மாதா கோயிலில் இரங்கற் பூசை கொடுங்கோ என்று உங்களைக் கேட்டோம். "ஓம் எண்டு சொன்னவளுக்கு என்னத்துக்குச் செத்தவைக்குரிய பூசை?" என்று சீறினீர்கள். கையிலிருந்த இரண்டு படங்களையும் வேண்டாமென்றுவிட்டு, ஓய்வு பெற்று, நாளை கொழும்புக்கு விமானம் ஏறுகிறீர்கள். போரில் தப்பியவர்களை அடைத்துவைத்திருக்கும் வவுனியா முகாம்களின் முள்வேலியோரம் நின்று தங்கையைத் தேடப் போகிறீர்கள். உள்ளே விடுவார்களோ, விட்டாலும் அவர் இருப்பாரோ, ஆருக்குத் தெரியும்? எங்களுக்குப் பயமாய்த்தான் இருக்கிறது.

துணிவின் துணைவரே! நோய்நொடி அண்டாமல், நெஞ்சுரம் குன்றாமல், நூறாண்டு வாழ்க! அன்ரனெற் அக்கா உயிரோடில்லை என்றுதான் எங்களில் பாதிப்பேர் நினைக்கிறோம்; உங்களிடம் மறைத்தென்ன? ஆனாலும் பொன்னாடை வாங்கப் போன ஒப்பனைக்காரர் சந்திரவதனா, கடையிலிருந்து இரண்டு பொன்னாடையோடு வந்தார். ஒன்றை இப்போது உங்களுக்குப் போர்த்துகிறோம். மற்றதை மடித்தபடியே தருகிறோம், அண்ணை. அதை அக்காவுக்கு நீங்களே போர்த்திவிடுங்கோ.

இங்ஙனம்,
உங்களிடம் ஏச்சு வாங்கி வளர்ந்த படப்பிடிப்புக் குழுவினர்
அஜின்கோர்ட், ரொறன்ரோ
ஆனி 2009