ஆர் தலைமை

தமிழ்க்கடைகள் நிறைந்த லா ஷப்பலில் மீன்கடை வரிசையில் எனக்கு முன்னால் ஒரு தகப்பனும், கிரேக்க வரலாற்றுப் பரீட்சைக்குப் படிக்கும் அவர் மகளும் நின்றார்கள்.

“ஏதென்ஸும் ஸ்பார்ட்டாவும் ஒரே மொழிதான் கதைச்சவை, அப்பா.”

“பிறகேன் அடிபட்டவை?”

“ஆர் தலைமை எண்டுதான்.”

“ஆர் வெண்டது?”

“முதல் ஸ்பார்ட்டா. பிறகு ஸ்பார்ட்டாவை தீப்ஸ் அடிச்சது. எல்லாரும் களைச்சுப்போக, வடக்கிலையிருந்து மசிடோனியா வந்து எல்லாரையும் பிடிச்சிட்டுது.”

அவர் வரிசையில் ஓரடி முன்னால் நகர்ந்தார்.

“எங்கடை ஊர்ச்சங்கம் ரெண்டாய் உடைஞ்சதும் அதாலைதான். உன்ரை பெரியப்பாவோடை நான் கதைச்சு ஆறு வருசம்.”

அவர் போனை எடுத்தார்.

“அண்ணை, நான்தான். இந்தமுறை ஒன்றுகூடலை நீங்களே தலைமை தாங்கி நடத்துங்கோ. நாங்களும் வாறம்.”

நெடுநேரம் கேட்டுக்கொண்டே நின்றார்.

“என்னவாம்?” என்றாள் மகள்.

“என்னைத் தலைவராய் இருக்கட்டாம்.”