அர்மெலிடம் சொல்லாத கடைசி ஷாட்

மேடையில் அமர்ந்திருக்கும் தொலைக்காட்சிப் பெரியவர்களே, முதல் வரிசையில் தாய் அர்மெலை இழந்து உட்கார்ந்திருக்கும் எனோராவே, சுவரோரம் நிற்கும் லைட்காரர்களே, மேக்கப் பெண்களே, உங்கள் எல்லோருக்கும் என் வணக்கம்.

நான் மிரேய், காஸ்ட்யூமர். அதிகம் படித்தவள் இல்லை. ரூபேயில் சலவைக்கடையில் இருந்தவளை, "உனக்கு இஸ்திரி வருது, எனக்கு நடிப்பு வருது, சேர்ந்து பொழைச்சுக்கலாம் வாடி" என்று பாரிஸுக்குக் கூட்டி வந்தவள் அர்மெல் கெர்கோவா. உங்களுக்கெல்லாம் அவர் மதாம். எனக்கு என்றைக்கும் 'அவள்', 'இவள்'தான்.

பெரிய நடிகை, பெரிய தயாரிப்பாளர் என்று எனக்கு முன்னால் பேசியவர்கள் சொன்னார்கள். சும்மாவா ஆனாள்? நாடகத்தில் வேலைக்காரி, சினிமாவில் விதவை, மறுபடியும் வேலைக்காரி! நாற்பது வயதானதும் ஒரு தயாரிப்பாளர் சொன்னார்: "இனிமே உங்களுக்கு அம்மா வேஷம்தான், மதாம்." இவள் கைப்பையை எடுத்துக்கொண்டே சொன்னாள்: "போடறேனே. பிள்ளையா நீங்க நடிக்காம இருந்தா சரி." வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள். மறுமாதம் கெம்பேரில் இருந்த அப்பா வீட்டை விற்றுக் கம்பெனி தொடங்கினாள், தானே படகுத் தலைவியாக நடித்துத் தொடர் எடுத்தாள். பெண் ஒருத்தி படகுத் தலைவியாக வரும் தொடரை யார் பார்ப்பார்கள் என்று சிரித்தார்கள். ஞாயிற்றுக்கிழமை இரவானால் நாடே பார்த்தது!

நம் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஒரு நடிகருக்குக் கடைசி ஷாட் முடிந்ததும் உதவி இயக்குநர் அவர் பெயரைச் சொல்லி, இது அவருடைய கடைசி ஷாட் என்று கூவுவார், எல்லோரும் கைதட்டுவோம். மற்ற கம்பெனிகளில் பெரிய நடிகருக்கு மட்டும் செய்வார்கள். அர்மெல் கம்பெனியில் எல்லோருக்கும் உண்டு. ஒருமுறை பிணமாகப் படுத்துவிட்டுப் போக வந்த பெரியவர் ஒருவருக்குக் கூவ மறந்துவிட்டார்கள். கால்வாசி மேக்கப்போடு ஓடிவந்து கத்தினாள்: "அந்த மனுஷன் மூணு மணி நேரம் மூச்சை அடக்கிட்டுக் கிடந்தாரு. அவரை அப்படியே அனுப்புவீங்களா? மூச்சு விடறவங்களுக்குத்தான் மரியாதையா?" ரயில் நிலையத்திலிருந்து அவரைத் திரும்ப அழைத்து வந்து கைதட்டினோம்.

அப்படிப்பட்டவளுக்கு நீங்கள் என்ன செய்தீர்கள்?

வசந்த காலத்தில் நெஞ்சுவலி வந்து படுத்தாள். காப்பி கொண்டுவரும் பையனாக வந்து, அவளால் பங்குதாரராக உயர்ந்த மிஸ்யே லூவெலிடம் கம்பெனியைக் கொடுத்தாள். "நான் எழுந்து வர்றவரைக்கும் பாத்துக்கப்பா" என்றாள். எழுந்து வந்தாள், நடித்தாள். ஜூன் மாதம் கொங்கர்னோ துறைமுகத்தில், கயிற்றைக் கட்டிவிட்டு "நாளைக்குப் பார்க்கலாம்" என்று சொல்லும் காட்சி. யாரும் கூவவில்லை. யாரும் கைதட்டவில்லை. விடுமுறைதானே என்று படகுத் தலைவியின் கோட்டைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டுப் போனாள். அதுதான் அவளுடைய கடைசி ஷாட். மேடையில் இருப்பவர்களுக்குத் தெரியும். அவளுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது.

மறுநாள் மிஸ்யே லூவெல் வந்து, "மிரேய், கோட்டு அழுக்கா இருக்கு, சலவைக்குப் போடணும், குடுங்க" என்றார். கொடுத்தேன். அந்தக் கோட்டை வேறொருத்திக்கு மாட்டி, முதுகை மட்டும் படம் பிடித்து, கடலில் தள்ளி, படகுத் தலைவி இறந்தாள் என்று கதையை முடித்தார்கள். சின்ன வயதுத் தலைவி வேண்டுமாம்.

அர்மெல் அதை எங்கே தெரிந்துகொண்டாள்? முடிதிருத்தும் கடையில், வாரப் பத்திரிகையில்! எனக்குப் போன் செய்தாள்.

"ஏண்டி மிரேய், நான் செத்துப் போயிட்டேனாமே? கடல்ல விழுந்தேனாம். மழைத்தண்ணி பட்டாலே எனக்குச் சளி பிடிக்கும்!"

சிரித்தாள். அப்புறம் சிரிப்பை நிறுத்தினாள்.

"கோட்டு உங்கிட்டதானேடி இருந்துச்சு?"

"சலவைக்குன்னு வாங்கிட்டுப் போனாங்க. சத்தியமா எனக்கு ஒண்ணும் தெரியாது."

"சரி."

அந்த ஒரு "சரி"தான். நம்பினாளா, நம்பவில்லையா? அதற்குப் பிறகு அவள் போன் செய்யவில்லை. நான் செய்தபோதெல்லாம் எனோராதான் எடுத்தாள். இலையுதிர்காலம் வந்தது, இந்த வாரம் அர்மெல் போய்விட்டாள். ஆயுள் முழுக்க அவளுக்கு உடுத்திவிட்டவள் நான். முந்தாநாள் அவள் உடலுக்குக் கடைசியாக உடுத்திவிடப் போனேன். எனோரா கதவைப் பாதி திறந்து, "எங்கம்மாவுக்கு நீங்க உடுத்தினது போதும்" என்றாள்.

எனோரா, உன் மேல் எனக்குக் கோபமில்லை. தெரிந்தே கோட்டைக் கொடுத்தேன் என்று தாய் சொல்லியிருப்பாள், மகள் நம்பினாள். வேறு யாரை நம்புவாள்?

சற்றுமுன் மிஸ்யே லூவெல் இதே இடத்தில் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டு, அர்மெலின் பணியைத் தொடர்வோம் என்று உறுதி எடுத்தார். எது அவள் பணி? படகா? கோட்டா? கூட வேலை செய்தவரை முகத்துக்கு நேராகப் பார்த்துச் சொல்லி அனுப்புவதுதான் அவள் பணி. அதை நாங்கள் தொடர்வோம். சுவரோரம் நிற்கும் நாங்கள் தொடர்வோம்! இனி எந்தக் கம்பெனியிலும் ஒருவருக்குத் தெரியாமல் அவருடைய கடைசி ஷாட்டை எடுத்தால் நாங்கள் விளக்கை அணைப்போம்.

மிஸ்யே லூவெல், அர்மெலிடம் இனிச் சொல்ல முடியாது. அவள் மகள் உயிரோடு இருக்கிறாள், உங்களுக்கு எதிரிலேயே உட்கார்ந்திருக்கிறாள். கோட்டை என்ன சொல்லி வாங்கினீர்கள் என்று அவளிடம் சொல்லுங்கள். ஒரே ஒரு வாக்கியம். நான் நகர்ந்துகொள்கிறேன். மைக் இதோ, எழுந்து வாருங்கள்.