மூன்று கோச்சும் பெஞ்சில் இருத்திய ஆள்

தக்கலையில் களியக்காவிளை பஸ் ஏறினேன். எனக்கு முன் சீட்டில் நடுவயதுக்காரர்கள் இருவர். ஒரே கல்லூரியின் ஃபுட்பால் டீமில் இருந்தவர்கள் என்று பேச்சிலேயே தெரிந்தது.

"மக்கா, நமக்க காலேஜு டீமுக்கு என்னைக் கோச்சா போட்டாச்சு," என்றார் ஜன்னலோரத்தில் இருந்தவர்.

"ஒன்னையா? எந்தப் பக்கம் கோல் அடிக்கணும்னு கேட்டவன்லா நீ!"

"சிரிக்காதலே. நாம படிச்ச மூணு வருசத்துல மூணு கோச்சு. மொதல் ஆளு பந்தைத் தொட விடாம கிரவுண்டைச் சுத்தி ஓட விட்டாரு. ரெண்டாவது ஆளு பாதியில கல்ஃபுக்குப் போனாரு. மூணாவது ஆளு தோத்தா அழுவாரு."

"பாவம், எப்பவும் அழுதுட்டுத்தான் இருந்தாரு."

"மூணு பேரும் என்னை ஆட விடாம பெஞ்சிலதான் இருத்துனாவ."

"பின்ன ஒனக்குக் கோச்சிங் எப்பிடித் தெரியும்?"

"நீங்கெல்லாம் பந்துக்குப் பொறத்த ஓடுனிய. கோச்சுக்குப் பக்கத்துல இருந்து எல்லாத்தையும் பாத்தது நான் மட்டுந்தான்."

நண்பர் சிரிப்பதை நிறுத்தினார். தாழ்ந்த குரலில் சொன்னார்:

"எனக்க மவனும் இப்ப அந்த டீம்லதான் இருக்கான். அவனைப் பெஞ்சில இருத்திராத, கேட்டியா?"

"இருத்துவேன். எனக்குப் பொறவும் ஒரு கோச்சு வேணும்லா?"