செத்தவன் சிரிச்ச படம்

...எல்லாரும் இதையேதான் பண்றாங்கண்ணே, பாதிப் படத்துல எழுந்து வந்துடுறது. நீங்களாச்சும் கடைசி வரைக்கும் உக்காருவீங்கன்னு நெனச்சேன். இந்தப் போஸ்டர்ல இருக்குற மூஞ்சியும் என் மூஞ்சியும் ஒண்ணுதான், பாருங்க. தயாரிப்பு தம்ரோங், டைரக்சன் தம்ரோங், ஹீரோவும் தம்ரோங். இந்தக் கோராத் ஊர்லயே மூணையும் ஒத்தையாளா பாக்குறவன்... சரி, அத விடுங்க.

கொஞ்சம் நில்லுங்கண்ணே. உள்ள இருந்ததே நீங்க ஒருத்தர்தான். தியேட்டர் மேனேஜர் சக்தா சொல்லிட்டான், ஹால் காலியாச்சுன்னா அப்பவே படத்த நிறுத்திடுவேன், நாளைலேர்ந்து பேய்ப் படம்தான்னு.

சாவு சீன்ல சிரிச்சீங்கல்ல? எல்லாரும்தான் சிரிக்கிறாங்க. பொணமா நடிக்க நூடுல்ஸ் கடைக்காரரத்தான் கூப்ட்டேன். படப்பூஜையில படையலா வச்ச பன்னித்தலைய நல்லா தின்னாரு, சவப்பொட்டிக்குள்ள படுன்னா ஓடிட்டாரு. நானே படுத்தேன். நம்ம ஊர் சினிமாக்காரங்க வழக்கம் உங்களுக்குத் தெரியாததா... பொணமா நடிச்சவன் கட் சொன்னதும் கேமராவப் பாத்து சிரிச்சாகணும், இல்லேன்னா நெசமாவே போய்ச் சேர வேண்டியதுதான். ஆனா கட் சொல்ல வேண்டியவனே பொட்டிக்குள்ள கெடக்குறேனே. என்னைத் தவிர எவனும் கட் சொல்லக்கூடாதுன்னு உத்தரவு போட்டவனும் நாந்தான். பொண்டாட்டியா நடிச்ச கன்னிகா அழுறா, அழுறா, நிறுத்தவே மாட்டேங்குறா. எனக்குப் பயம் புடிச்சுக்கிச்சுண்ணே. கட் சொல்றதுக்கு முன்னாடியே சிரிச்சுட்டேன்.

ஏண்ணே நெளியுறீங்க? கேக்கவே சங்கடமாத்தான் இருக்கும். எடிட்டர் அந்தச் சிரிப்ப வெட்டிடலாம்னாரு. நாந்தான் விடல. மொத்தப் படத்துலயும் அந்த ஒரு ஷாட்லதான் என் மொகம் அழகா விழுந்திருக்கு. தயாரிப்பாளரா வேண்டாம்னுதான் தோணுச்சு, டைரக்டராவும் வேண்டாம்னுதான் தோணுச்சு, உள்ள இருக்குற ஹீரோ கேக்கலையே...

என்னண்ணே? பாத்ரூமா? அதுக்குத்தான் வெளிய வந்தீங்களா? அப்ப படம் புடிச்சுதான் இருந்துச்சா? அத மொதல்லயே சொல்லக்கூடாதா... ஆமா, நான் எங்க பேசவிட்டேன். அந்தப் பக்கம்ணே, போய்ட்டு சட்டுனு வாங்க.

யாரு, சக்தாவா? ஏம்ப்பா உள்ள லைட்டப் போட்ட? படத்த ஏன் நிறுத்துன? ஆளு இருக்குப்பா. உள்ள இல்ல, பாத்ரூம்ல. சத்தியமாப்பா, அவர் பாட்டுக்குப் பாத்துக்கிட்டுதான் இருந்தாரு... நாந்தான் புடிச்சு வச்சுப் பேசிட்டு இருந்தேன்.