கண்ணாடி கழற்றிய விளக்கு

நாற்காலி வேண்டாம், ஐயா. விளக்குப் பக்கத்தில் நின்றே பழகிய கால். உட்கார்ந்தால்தான் வலிக்கும்.

என் மனைவி நடிகை. நீங்கள் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். அது பேசாத படங்களின் காலம். ராணிக்கு விசிறி வீசுபவள், கதவைத் திறந்துவிட்டு ஒதுங்குபவள் என்றே அவள் காலம் ஓடியது. அதே ஸ்டுடியோவில் நான் விளக்குக்காரன். காலையில் சேர்ந்து போவோம், சாயங்காலம் சேர்ந்து வருவோம். ஒரு குறையும் இல்லாத குடும்பம்.

ஒருநாள் டைரக்டர் அந்த விசிறிக்காரியின் முகத்தை மட்டும் கிட்டத்தில் எடுத்துப் பார்த்தார். திரையில் ஓட்டியபோது அறையே அடங்கிப்போனது. அந்தப் பார்வையை அதுவரை நான் ஒருவன்தான் பார்த்திருந்தேன்.

அடுத்த படத்தில் அவள்தான் கதாநாயகி. வீட்டில் அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை.

"இந்தப் படம் ஓடிடுச்சுன்னா பெரிய கம்பெனியில கூப்பிடுவாங்களாம். வெளியூர்தான். நீங்களும் வந்துடுங்களேன்."

"ஏன், அங்க விளக்குப் பிடிக்க ஆளே இல்லையாமா?"

"உங்களுக்கு எப்பவும் கிண்டல்தான்" என்று சிரித்தாள்.

எங்கள் விளக்கில் இரண்டு கரிக்குச்சிகளுக்கு நடுவே நெருப்பு எரியும். கண்ணைக் கெடுக்கும் வெளிச்சம். அதனால் முன்னால் தடித்த கண்ணாடி ஒன்று மாட்டியிருக்கும். அதைக் கழற்றினாலும் படத்தில் தெரியாது. கழற்றினேன். அவளுடைய கிட்டக் காட்சிகளுக்கு மட்டும்தான். மற்றவர்கள் மேல் எனக்கென்ன பகை?

"கண்ணுல மணலை வாரிப் போட்ட மாதிரி இருக்குங்க" என்று வீட்டுக்கு வந்ததும் துடித்தாள். ஈரத்துணி வைத்ததும் நான்தான். கொஞ்ச நாள் இருட்டறையில் படுத்திருந்தாள், சரியாகிவிட்டது. பயந்துபோய் வேலையை விட்டுவிடுவாள் என்று நினைத்தேன். அழுத்தக்காரி, மறுபடியும் போய் நின்றாள்.

"விளக்குகிட்ட நீங்க இருக்கீங்கல்ல, எனக்கென்ன பயம்?"

நானும் மறுபடி கழற்றினேன். மூன்றாவது தடவை பார்வை திரும்பவில்லை. கம்பெனி வேறொருத்தியை வைத்துப் படத்தை முதலிலிருந்து எடுத்தது. அதன்பிறகு அவளைத் தேடி யாரும் வரவில்லை. சோறு பிசைந்து ஊட்டினேன், தலை வாரிவிட்டேன். எந்தப் புருஷன் செய்வான், சொல்லுங்கள்.

போன மாதம் புது டாக்டர் ஒருவர், ஆபரேஷன் செய்தால் ஒரு கண்ணிலாவது பார்வை திரும்பும் என்றார். முடியாதாம் என்று அவளிடம் சொன்னேன். என் தோளில் சாய்ந்து அழுதாள். எனக்கும் அழுகை வந்தது.

கழற்றிய கண்ணாடி சுவரோரம் சாய்ந்திருந்ததை ஸ்டுடியோவில் மேக்கப் போடும் அம்மா அன்றைக்கே பார்த்திருக்கிறார். இத்தனை வருஷம் வாயைத் திறக்காதவர், நேற்று வீடு தேடி வந்து அவளிடம் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். போகட்டும். எழுதிக்கொள்ளுங்கள். எல்லாம் நான் செய்ததுதான்.

புகார் கொடுத்தது அவளேதானா? தன்னந்தனியாகத் தெருவைத் தாண்டி இங்கே வந்தாளா? யாராவது கையைப் பிடித்து வீட்டில் கொண்டுபோய் விடுங்கள், ஐயா. நான் இல்லாமல் அவளால் ஓர் அடி எடுத்துவைக்க முடியாது.