கடைசியாக விளையாடியது: இன்று

அந்தக் குமிழி உடைக்கிற விளையாட்டு அப்படியொன்றும் கஷ்டமில்லை, சார். ஒரே நிறத்தில் மூன்று சேர்ந்தால் உடைந்துவிடும். கணக்கு வாத்தியாராக இருந்தே தலை நரைத்துப்போன எனக்கு அது சீக்கிரமே பிடிபட்டுவிட்டது. இதற்கா இந்தக் காலத்துப் பிள்ளைகள் சாப்பாடு தூக்கம் இல்லாமல் கிடக்கிறார்கள் என்று சிரிப்புக்கூட வந்தது.

என் தம்பி அச்சுத்தின் லேப்டாப்பில் யார் விளையாடினது என்று காலையிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறீர்கள். நான்தான். சுற்றி வளைக்கப் போவதில்லை. ஆனால் ஏன் என்று புரிய வேண்டுமென்றால் கொஞ்சம் பொறுமையாகக் கேட்க வேண்டும். நீங்கள் பொறுமைசாலி என்று பார்த்தாலே தெரிகிறது. ஓரத்தில் உட்கார்ந்து எழுதுகிற உங்கள் ஸ்டேஷன் ரைட்டருக்குத்தான் அடிக்கடி பேனா நின்றுவிடுகிறது. பரவாயில்லை, நான் நிதானமாகவே சொல்கிறேன்.

அச்சுத் எனக்குக் கடைசித் தம்பி. எனக்கும் அவனுக்கும் அப்பா பிள்ளை மாதிரி வயது வித்தியாசம். நடுவில் பிறந்தவள் லக்ஷணா, அமெரிக்காவில் இருக்கிறாள். அங்கே பாங்குகள் கவிழ்ந்தபோது இங்கே சென்னையில் இவனுக்கு வேலை போயிற்று. பெட்டியைத் தூக்கிக்கொண்டு சின்ன காஞ்சிபுரத்துக்கே வந்து எங்கள் வீட்டு மாடி அறையில் உட்கார்ந்துவிட்டான். சின்ன வயதிலிருந்தே அவனுக்குச் சர்க்கரை. தினமும் ஊசி போட்டுக்கொள்ள வேண்டும். அந்த மருந்துப் புட்டி கீழே சமையலறை ஃப்ரிட்ஜில், கதவுத் தட்டில், பால் கவருக்குப் பக்கத்தில் இருக்கும். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஒரு மாதிரி இருக்கும். தளிகை பண்ணுகிற இடத்தில் ஆஸ்பத்திரி சாமான் எதற்கு என்று என் மனைவி பூமாவிடம் ஒரு தடவை சொன்னேன். அவள் என்னை முறைத்துவிட்டுப் புட்டியை அங்கேயே திருப்பி வைத்தாள்.

லக்ஷணாவுக்கும் அச்சுத்துக்கும் பேச்சு கிடையாது. அம்மா போனபோது அவள் வரவில்லை, விசா ஏதோ தகராறு. இவன் அதை மனசில் வைத்துக்கொண்டு போனை எடுப்பதையே நிறுத்திவிட்டான். ஆனால் அதற்கு முன்னால் அவள் தன் பெயரில் கம்ப்யூட்டர் விளையாட்டுகளை நிறைய வாங்கி, அந்தக் கணக்கின் பாஸ்வேர்டை இவனுக்குக் கொடுத்திருந்தாள். எல்லாம் இன்டர்நெட்டில் ஒரு நூலகம் மாதிரி அடுக்கி இருக்குமாம். ஒவ்வொரு விளையாட்டின் பக்கத்திலும் 'கடைசியாக விளையாடியது' என்று ஒரு தேதி நிற்கும். இங்கே இவன் விளையாடினால் அங்கே அவளுக்குத் தெரியும். பேசாத தம்பி உயிரோடு, சௌக்கியமாக இருக்கிறான் என்பதற்கு அவளுக்கு இருந்த ஒரே அத்தாட்சி அதுதான். "அதைப் பார்த்துட்டுத்தான் அண்ணா நான் படுத்துக்கறது" என்று என்னிடம் ஒரு தடவை சொன்னாள். பாவம்.

இப்போது கருட சேவைக்கு வருகிறேன். நீங்கள் பந்தோபஸ்துக்கு நின்றிருப்பீர்கள், உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. வைகாசித் திருவிழாவில் மூன்றாம் நாள் விடியற்காலையில் பெருமாள் கருடன்மேல் கோபுர வாசலைத் தாண்டுகிற அந்த நேரத்தில், பக்கத்தில் நடந்து சாமரம் வீசுகிற கைங்கரியம் சில குடும்பங்களுக்கு முறை வைத்து வரும். எங்கள் வீட்டுக்கு எத்தனையோ வருஷத்துக்கு ஒரு தடவைதான் வரும். போன தடவை வந்தபோது அதற்கு முதல் நாள் சாயங்காலம் அப்பா போய்விட்டார். ஆஸ்பத்திரியில் சேர்த்ததே நான்தான். சேர்த்தேன், டாக்டர் கையைப் பிடித்துப் பார்த்தார், உதட்டைப் பிதுக்கினார், ஊருக்கெல்லாம் சேதி போய்விட்டது. பிள்ளைக்குப் பத்து நாள் தீட்டு. கோயில் வாசலை மிதிக்க முடியுமா? முறை அடுத்த வீட்டு சீனிவாசனுக்குப் போயிற்று. அவனுக்கும் எங்களுக்கும் சொந்தம் கிடையாது, தீட்டுக் கலக்காது. நான் வீட்டு ஜன்னல் வழியாக வேட்டுச் சத்தத்தை மட்டும் கேட்டேன். அப்பாவுக்காக அழுகிறேன் என்று எல்லோரும் நினைத்தார்கள். நானும் மறுக்கவில்லை.

வீட்டில் வைத்திருந்தால் அப்பா இன்னும் இரண்டு நாளாவது இழுத்திருப்பார் என்று அதற்குப் பிறகு பல தடவை நினைத்திருக்கிறேன்.

இந்த வருஷம் முறை திரும்ப எங்களுக்கு. அடுத்த முறை வரும்போது எனக்குக் கை நடுங்கும், சாமரத்தைப் பிடிக்க முடியாது. பூமா எங்கள் பெண்ணின் பிரசவத்துக்காக மாம்பலம் போயிருந்தாள். வீட்டில் நானும் அச்சுத்தும்தான். திருவிழாவின் முதல் நாள், கொடியேற்றத்தன்று, அவனுக்குக் காய்ச்சல் கண்டது, வாந்தி வேறு. மாடியிலிருந்து போன் பண்ணினான். "அண்ணா, கீழ இறங்க முடியலை. அந்த மருந்துப் புட்டியைக் கொஞ்சம் கொண்டுவந்து தரியா?" நான் அப்போது நீராடி மடியாக இருந்தேன். வாந்தி எடுத்த இடத்துக்குப் போனால் திரும்ப நீராட வேண்டும், திரும்ப வஸ்திரம் உலர்த்த வேண்டும். சாயங்காலம் தருகிறேன் என்றேன். சாயங்காலம் கோயிலில் நேரமாகிவிட்டது. வந்ததும் அசதி. வேண்டுமென்று செய்ததில்லை என்பதை இந்த இடத்தில் எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள்.

மறுநாள் காலையில் போனில் அவன் குரலே மாறியிருந்தது. "ஆஸ்பத்திரிக்கு அழைச்சுண்டு போயேன் அண்ணா. மூச்சு வாங்கறது." அடுத்த நாள் விடிந்தால் கருட சேவை. நான் கல்நெஞ்சக்காரன் இல்லை. ஆனால் ஆஸ்பத்திரி என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். அங்கே ஒருத்தர் கையைப் பிடித்துப் பார்த்து உதட்டைப் பிதுக்குவார். அது நடந்தால் நான் மறுபடி ஜன்னல் பக்கம். "நாளைக்கு ஒரு நாள் பொறுத்துக்கோடா, முதல் வேலையா அழைச்சுண்டு போறேன்" என்றேன். அவன் போனை வைத்துவிட்டான். சம்மதம் என்றுதான் எடுத்துக்கொண்டேன்.

அன்று மத்தியானத்துக்கு மேல் லக்ஷணா கூப்பிட்டாள். அவளுக்கு அப்போதுதான் பொழுது விடிந்திருக்கும்.

"அண்ணா, அச்சுத் எப்படி இருக்கான்? நேத்தும் இல்லை, இன்னிக்கும் இல்லை. கடைசியா விளையாடினதுன்னு கொடியேத்தத்துக்கு முதல் நாள் தேதியே நிக்கறது. அவன் ஒரு நாள்கூட விடமாட்டானே."

"நெட்டு வரலைம்மா. திருவிழாக் கூட்டம், லைன் எல்லாம் அப்படித்தான்."

"நீ மாடிக்குப் போய் ஒரு தடவை பாரேன். எனக்கு மனசே சரியில்லை. இல்லேன்னா பக்கத்தாத்து சீனிவாசனுக்குப் போன் பண்ணிப் பார்க்கச் சொல்றேன்."

சீனிவாசன் பெயரைக் கேட்டதும் எனக்குச் சுரீர் என்றது. உலகத்தில் வேறு யாரும் கிடைக்கவில்லையா இவளுக்கு? அவன் வந்து பார்த்தால் அடுத்த நிமிஷம் ஆம்புலன்ஸ் தெருவில் நிற்கும். நானே பார்க்கிறேன் என்று சொல்லி மாடி ஏறினேன்.

அச்சுத் சுவர்ப்பக்கம் ஒருக்களித்துக் கிடந்தான். பெரிது பெரிதாக மூச்சு விட்டுக்கொண்டிருந்தான். அறையில் அழுகின பழ வாசனை. அது சர்க்கரை ஏறினவர்களுக்கு வருகிற வாசனை என்று இன்றைக்கு நீங்கள் சொல்லித்தான் தெரியும். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தான். "வந்துட்டியா" என்றான். நான் கூஜாவில் தண்ணீர் வைத்தேன். மேஜைமேல் இருந்த லேப்டாப்பை எடுத்துக்கொண்டேன். செல்போனையும் எடுத்துக்கொண்டேன், அடித்துக்கொண்டே இருந்தால் அவன் தூக்கம் கெடும். வெளியே வந்து கதவைத் தாழ்ப்பாள் போட்டேன். தலைசுற்றலோடு எழுந்து வந்து படிக்கட்டில் விழுந்துவைத்தால் என்ன செய்வது? பாதுகாப்புக்காகத்தான்.

கீழே கூடத்தில் உட்கார்ந்து லேப்டாப்பைத் திறந்தேன். பாஸ்வேர்டெல்லாம் அதிலேயே போட்டு வைத்திருந்தான், கேட்கவில்லை. வரிசையில் முதலில் இருந்ததைத் தட்டினேன். அதுதான் குமிழி. கொஞ்ச நேரத்தில் போன் வந்தது.

"இப்போதான் பார்த்தேன் அண்ணா, 'இன்று'ன்னு வந்துடுத்து. அப்பாடா. ஆனா என்ன இது, என் குழந்தைக்கு வாங்கினதைப் போய் விளையாடறான்? அவன் கோட்டை கட்டறதைத் தவிர வேற எதையும் தொடமாட்டானே."

"மாறுதலுக்கு விளையாடறான் போல இருக்கும்மா."

அவள் சிரித்தாள். ரொம்ப நாள் கழித்து அவள் சிரித்துக் கேட்டேன், சார். ஒரு பெண்ணின் மனசைக் குளிரவைப்பது குற்றமா என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.

நான் விளையாடிக்கொண்டிருந்தபோதுதான் பூக்காரி செல்லியம்மாள் துளசி மாலை கொடுக்க வந்தாள். அவளை நீங்கள் விசாரித்துவிட்டீர்கள், தெரியும். வாசல்படியிலேயே நின்று காதைத் தீட்டிக்கொண்டு கேட்டாள். "இன்னா சாமி, மேல யாரோ மொனவுற மாதிரி கேக்குது? தம்பிக்கு ஒடம்பு சரியில்லியா? எம்மவன் ஆட்டோ தெருமொனைல தான் நிக்குது, இட்டாரச் சொல்லட்டா?"

"அதெல்லாம் ஒண்ணுமில்லைம்மா. கம்ப்யூட்டர் விளையாட்டு. அதுல அப்படித்தான் கத்தும்" என்று லேப்டாப்பைத் திருப்பிக் காட்டினேன்.

அவள் வண்ணக் குமிழிகளைப் பார்த்தாள், மாடியைப் பார்த்தாள். "இன்னா எழவு வெளயாட்டோ, மனுசன் கத்துற மாதிரியே இருக்குது" என்று சொல்லிவிட்டுப் போனாள். மாலைக்கான காசை வாங்கிக்கொள்ளக்கூட மறந்துவிட்டுப் போனாள். அவள் போனபிறகும் மாடிச் சத்தம் கொஞ்ச நேரம் இருந்தது. விளையாட்டில் வருகிற இசையைக் கூட்டி வைத்துக்கொண்டேன்.

விடியற்காலையில் நீராடிக் கிளம்பும்போது படிக்கட்டின் அடியில் நின்று கேட்டேன். மூச்சுச் சத்தம் கேட்டது. அது போதும் எனக்கு. நேராகக் கோயிலுக்குப் போனேன். அதன் பிறகு நடந்ததை எப்படிச் சொல்வது, சார்? கோபுர வாசலில் குடை விரிந்து, பெருமாள் வெளியே வந்து, அத்தனை ஜனமும் கையைத் தலைக்குமேல் கூப்பியபோது நான் அவர் பக்கத்தில் இருந்தேன். கையில் சாமரம். கன்னமெல்லாம் நனைந்துபோயிற்று. என் ஜன்மாவில் அதுபோல் நான் சந்தோஷப்பட்டதில்லை.

வீட்டுக்கு வர வெயில் ஏறிவிட்டது. மாடியில் சத்தமில்லை. தூங்குகிறான் என்று நினைத்தேன். போய்ப் பார்த்திருக்கலாமே என்கிறீர்கள். சாயங்காலம் முறைக்காரனுக்குப் பரிவட்டம் கட்டி மரியாதை செய்வார்கள். அது பாக்கி இருந்தது. எங்கள் சாஸ்திரத்தில் ஒன்று உண்டு. சாவு எப்போது நடந்தாலும், நம் காதுக்கு எட்டினால்தான் தீட்டு. தெரியாதவனுக்கு ஒன்றுமில்லை. கதவைத் திறந்தால் தெரியும், திறக்காவிட்டால் தெரியாது. இதில் தப்பு எங்கே இருக்கிறது என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை. லேப்டாப்பைத் திறந்து இன்னொரு ஆட்டம் ஆடினேன். 'இன்று' என்று வந்தது. அன்றைக்கும் லக்ஷணா நிம்மதியாகத் தூங்கினாள்.

மறுநாள் காலையில்தான் தாழ்ப்பாளைத் திறந்தேன். திறந்ததும் அழுதேன். பொய்யாக அழவில்லை. கதவருகில் கிடந்தான், கட்டிலில் இல்லை. தெருவே கூடிவிட்டது, டாக்டரும் வந்து பார்த்தார். ஓடிவந்து முதலில் என்னைத் தாங்கிப் பிடித்தவன் சீனிவாசன்தான். லக்ஷணாவுக்கு நானே சொன்னேன். அவள் அழவே இல்லை. "முந்தாநாளே நினைவு தப்பியிருக்கும்னு டாக்டர் சொல்றார்ங்கறே. நேத்து மத்தியானம் யார் அண்ணா விளையாடினது?" என்று மட்டும் கேட்டாள். பிறகு உங்களுக்குப் போன் பண்ணியிருக்கிறாள். நான் தூங்க வைத்த பெண்தான் என்னை இங்கே உட்கார வைத்திருக்கிறாள். எனக்கு அவள்மேல் கோபம் இல்லை.

'அவன் செத்தது தெரியாது என்றால் அவன் ஆடுகிற மாதிரி ஏன் விளையாடினீர்கள்' என்று கேட்டீர்கள். நல்ல கேள்வி. வகுப்பில் ஒரு பையன் கேட்டிருந்தால் தட்டிக்கொடுத்திருப்பேன். பதில் தெரியாமல் நான் காலையிலிருந்து தட்டிக்கழிக்கவில்லை. என் மனசு வேறு ஒரு கவலையில் இருந்தது. அதை நீங்களே தீர்த்துவைத்துவிட்டீர்கள். பிரேதப் பரிசோதனை ரிப்போர்ட்டைப் படித்துக் காட்டியபோது, உயிர் பிரிந்தது கருட சேவையன்று மத்தியானத்துக்கு மேல்தான் என்றீர்கள். டாக்டர் நிச்சயமாகச் சொல்கிறாரா என்று நான் இரண்டாம் தடவை கேட்டேன். அதைக் கேட்டு உங்கள் முகம் இளகியது. "ஆமாய்யா, அதுவரைக்கும் உயிர் இருந்துக்கினுதான் இருந்துச்சு. காலைல ஒரு ஊசி போட்டிருந்தாக்கூட பொழைச்சிருப்பான்" என்றீர்கள்.

தாழ்ப்பாள் போட்டது நான். மருந்தைக் கொடுக்காதது நான். அவன் மூச்சு கேட்கக் கேட்க உட்கார்ந்து விளையாடியது நான். எல்லாவற்றுக்கும் கையெழுத்துப் போடுகிறேன். சாயங்காலம் கட்டின பரிவட்டம் தீட்டுப் பட்டிருந்தால் பட்டுக்கொண்டு போகட்டும், அது மனுஷர்கள் கட்டுவது. ஆனால் ரைட்டரிடம் ஒரு வரி மட்டும் தனியாக எழுதச் சொல்லுங்கள், சார். காலையில் கோபுர வாசலில் நான் சாமரம் வீசியபோது என் தம்பி உயிரோடுதான் இருந்தான். எனக்குத் தீட்டு இல்லை.