பின்கதவு

எங்கள் தெருவில் விடிந்த பிறகுதான் ஊர் அடங்கும், ஐயா. ராத்திரி முழுக்க ஆடித் தீர்த்தவர்கள் பகலில் சுருண்டு கிடப்பார்கள். காய்கறி வாங்கக்கூட நாங்கள் அடுத்த தெருவுக்குத்தான் போக வேண்டும்.

என் படுக்கையறை ஜன்னலுக்கு நேர் எதிரே, குறுகலான சந்துக்கு அந்தப் பக்கம், நடன விடுதியின் பின்கதவு. இரும்புக் கதவு. அது திறக்கும்போதெல்லாம் பாட்டுச் சத்தம் என் மனைவியின் நெஞ்சில் வந்து இடிக்கும். அவள் இதய நோயாளி. தூக்கம்தான் மருந்து என்று டாக்டர் சொல்லிவிட்டார். எங்கிருந்து தூங்குவாள்? குடித்தவன் எல்லாம் அந்த வழியாக வந்துதான் என் வாசலில் வாந்தி எடுப்பான். கழுவிவிடுவது நான்.

புகார் கொடுத்துக் கொடுத்துச் செருப்புத் தேய்ந்ததுதான் மிச்சம். உங்கள் ஸ்டேஷனுக்கும் வந்தேன். "இந்த ஏரியால குடியிருந்துகிட்டு சத்தம்னா எப்படி சார்?" என்று சிரித்தார்கள். விடுதி முதலாளியோ, "கதவு என்னோடது. தெறப்பேன், மூடுவேன். உங்களுக்கென்ன?" என்றார்.

நான் வெல்டிங் வேலை செய்கிறவன். அன்று காலை, தெருவே குறட்டை விடும் நேரத்தில், சந்தில் நின்று கதவையும் நிலையையும் சேர்த்துப் பற்றவைத்தேன். ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. சுத்தமான வேலை. அதை உடைக்க உங்கள் ஆட்கள் பட்ட பாடு உங்களுக்கே தெரியும்.

உள்ளே கூட்டிப் பெருக்குகிற பெண் இருந்தது தெரியுமா என்கிறீர்கள். தெரியும். தினமும் காவலாளி அவளை முன்பக்கமாக உள்ளே விட்டு, ஷட்டரை வெளியே பூட்டிவிட்டுத் தூங்கப் போய்விடுவான். வேலை முடிந்ததும் அவள் பின்கதவு வழியாகத்தான் வருவாள். அந்தக் கதவை மெதுவாகச் சாத்துகிறவள் அவள் ஒருத்திதான். என் மனைவியை வாய் நிறைய அக்கா என்பாள். நல்ல பெண், பாவம்.

மேடை வயரில் தீப்பிடிக்கும் என்று நான் கனவா கண்டேன்? அது முதலாளியின் அலட்சியம். அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

அவள் கதவைத் தட்டினாள். "அண்ணே, ஒரே புகையா இருக்கு. கதவு தெறக்க மாட்டேங்குது. கொஞ்சம் வாங்கண்ணே" என்றாள். என் காதில் விழுந்தது. இரும்பு அறுக்கிற மெஷின் வீட்டிலேயே இருந்தது, இல்லை என்று நான் சொல்லவில்லை.

ஆனால் அந்த மெஷின் போடுகிற இரைச்சல் உங்களுக்குத் தெரியாது, ஐயா. எத்தனையோ நாளைக்குப் பிறகு என் மனைவி அப்போதுதான் கண்ணயர்ந்திருந்தாள். நான் ஓசைப்படாமல் எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினேன்.